எஸ்போசிட்டோ: பெயரா, சூடா?

இத்தாலி தேசத்து நேப்பிள்ஸ் பட்டணத்தில் அதிகமான பேருக்குள்ள குடும்பப் பெயர் எஸ்போசிட்டோ என்பதாகும். வக்கீலுக்கும் அதே பெயர், மீன் விற்பவருக்கும் அதே பெயர். அதற்கு அர்த்தம் என்ன தெரியுமா? லத்தீன் பாஷையில் "வெளியே வைக்கப்பட்டவன்" என்று அர்த்தம். அதாவது, பெற்றவர்கள் போட்டுவிட்டுப் போன பிள்ளை!

இப்பெயரை வைத்தது யார்? அவ்வூரில் அன்னுன்சியாத்தா என்னும் மாதா கோவிலைச் சேர்ந்த அனாதைப் பிள்ளைகள் விடுதியாகும். அதன் தெருச்சுவரில் ஒரு துவாரம். துவாரத்தில் சுழலும் மரப்பெட்டி. பிள்ளையை அதில் வைத்துத் திருப்பினால் பெட்டி உட்பக்கம் போய்விடும். உள்ளேயிருப்பவள் எடுத்துக்கொள்வாள். வைத்தவள் முகத்தை எடுத்தவள் பார்ப்பதில்லை. பிறகு பிள்ளையின் கழுத்தில் ஓர் ஈய முத்திரை, கணக்குப் புஸ்தகத்தில் எஸ்போசிட்டோ என்ற பெயர். முத்திரையையாவது வளர்ந்த பின் கழற்றி எறியலாம். பெயரை எப்படிக் கழற்றுவது? அது மகனுக்கும் பேரனுக்கும் அல்லவா போய்ச் சேருகின்றது?

நேப்பிள்ஸ் மாத்திரம் இப்படிச் செய்யவில்லை. ரோமாபுரியில் "எறியப்பட்டவர்" என்னும் அர்த்தத்தில் புரோயெத்தி என்றார்கள். மிலானில் ஆஸ்பத்திரிச் சின்னம் புறாவானதால் கொலம்போ என்றார்கள். ஸ்பெயினில் எக்ஸ்போசிட்டோ என்றார்கள். பிளாரன்சில் 1445-ல் திறந்த விடுதியின் பிள்ளைகளுக்கு இன்னொசெந்தி, அதாவது "குற்றமற்றவர்" என்று பெயர். பிறந்த சிசுவைக் குற்றமற்றது என்று ஏன் சொல்லவேண்டும்? பிறப்பில் ஏதோ குற்றமிருக்கின்றதென்று நினைப்பவனல்லவா அப்படிச் சொல்லுவான்?

"அனாதைக்குப் பால் வார்த்த தர்மத்தைக் குறை சொல்லலாமா?" என்று பக்தர்கள் கேட்கலாம். பால் வார்த்ததை நாம் குறை சொல்லவில்லை. பால் வார்க்கச் சூடு போடுவானேன் என்றுதான் கேட்கின்றோம். கலியாணமின்றிப் பெற்றவள் பாவி என்று பிரசங்கம் செய்ததும் அவர்களே, அவள் இரவில் பிள்ளையைக் கொண்டுவந்து வைக்கச் சுவரில் ஓட்டை போட்டதும் அவர்களே. அன்றியும், வந்த பிள்ளைகளெல்லாம் கலியாணமின்றிப் பிறந்தவர்களுமல்ல. முறைப்படி மணந்து, கஞ்சிக்கில்லாத கொடுமையால் கொண்டுவந்து விட்ட ஏழைகளும் அநேகர். அவர்கள் பிள்ளைகளுக்கும் அதே பெயர்தான்.

இதில் தகப்பன் எங்கே? அவனைத் தேடவே கூடாதென்று சட்டமிருந்தது! இத்தாலியின் 1865-ம் வருஷச் சிவில் சட்டம், பலவந்தம் முதலிய சில சந்தர்ப்பங்கள் தவிர, தகப்பன் யாரென்று விசாரிப்பதையே தடுத்துவிட்டது. ஆண்பிள்ளையின் மானத்தைக் காக்கச் சட்டம், பிள்ளையின் மானத்தைப் பறிக்கப் பெயர். இது எந்த ஊர் நியாயம்?

இந்த அநியாயம் ஒரே நாளில் ஒழிந்துவிடவில்லை. 1794-ல் ஸ்பெயின் அரசர் நான்காம் சார்லஸ், இப்பிள்ளைகளை இழிபிறப்பென்று ஏசுவோருக்குத் தண்டனை என்று உத்தரவிட்டார். 1814-ல் நேப்பிள்ஸ் அரசர் மூரா, எஸ்போசிட்டோ என்று இனிமேல் பெயரிடக்கூடாதென்று தடுத்தார். சுவர்ப்பெட்டியை 1875-ல் மூடினார்கள். ஆனால் பெயர் நின்றும் முத்திரை நிற்கவில்லை. தஸ்தாவேஜுகளில் தகப்பன் பெயருக்கு நேரே "தெரியாது" என்று குறிக்கும் வழக்கத்தை நீக்க 1955-ல் ஒரு சட்டம் வேண்டியிருந்தது. எல்லாப் பிள்ளைகளும் சமம் என்பதற்கு 1975-ல் ஒரு சட்டமும், மீதியிருந்த வித்தியாசத்தைத் துடைக்க 2012-ல் இன்னொரு சட்டமும் வேண்டியிருந்தன.

ஒரு சிசு எந்தத் தப்பும் செய்யவில்லை என்பதை ஒப்புக்கொள்ள இத்தனை நூற்றாண்டா தோழர்களே?

ஆகவே, எஸ்போசிட்டோ என்னும் பெயருடையவர் யாருக்கும் தலைகுனிய வேண்டியதில்லை. தம் பெயருக்கு ராஜவம்சக் கதையொன்று கட்டவேண்டியதுமில்லை. அவர் பாட்டன் உயிர் பிழைத்து, பாடுபட்டு, குடும்பம் வைத்தார் என்பதற்கு அந்தப் பெயரே சாட்சி. அதில் வெட்கம் ஏதாவது இருக்குமானால், அது பெயர் சுமந்தவருடையதல்ல, சூட்டியவர்களுடையதேயாகும்.