வசனத்தை வெறுத்த வசனகர்த்தா

இயக்குநர் மகேந்திரன் போர்நிறுத்தக் காலத்தில் கிளிநொச்சிப் பக்கம் வந்து நின்று, எங்கடை பெடியளுக்குச் சினிமா படிப்பித்தது பலருக்கு மறந்துவிட்டது. அவருடைய மகன் ஜான் இயக்கி 2006இல் வெளியான 'ஆணிவேர்' படமும் வன்னி மண்ணில்தான் உருவானது.

வந்த மகேந்திரன் அடிப்படையில் எழுத்தாளர். 1958இல் காரைக்குடிக் கல்லூரி மேடையில் எம்.ஜி.ஆர் முன்னிலையிலேயே தமிழ்ப்படங்களை வெளுத்து வாங்கிய மாணவன். எம்.ஜி.ஆர் கோபிக்கவில்லை. பிறகு கூப்பிட்டுப் 'பொன்னியின் செல்வ'னுக்குத் திரைக்கதை எழுதச் சொன்னார். எம்.ஜி.ஆரின் அந்தப் படம் வரவேயில்லை. 'நாம் மூவர்' (1966) படத்துக்குக் கதை, 1974இல் சிவாஜியின் 'தங்கப்பதக்கம்'. அதில் சிவாஜியின் பாத்திரமான சௌத்ரி பேசிய பேச்சைத்தான் சனம் கைதட்டிக் கொண்டாடியது. பேச்சை எழுதிப் பிழைத்த அதே மனிதர், இயக்குநரானதும் பேச்சை வெட்டி எறிந்தார். உமாசந்திரனின் நாவல் 'முள்ளும் மலரும்' (1978) ஆனது. புதுமைப்பித்தனின் 'சிற்றன்னை'யில் ஒரு துண்டை மட்டும் எடுத்து 'உதிரிப்பூக்கள்' (1979) செய்தார். என் கணக்கில் அவருடைய பெரிய வேலை, பேச்சை வெட்டிய அந்த வெட்டுத்தான்.

இன்று வன்னியில் கமெரா இல்லாத பெடியன் குறைவு. குறும்படங்களும் வருகின்றன. ஆனால் பாத்திரங்கள் மேடைப்பேச்சே பேசுகின்றன! தம்பிமாரே, தங்கைமாரே, தண்ணிமுறிப்புக் கிராமத்தை எழுதிய பாலமனோகரனின் 'நிலக்கிளி' (1973) நாவல் உங்கள் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கிறது. கமெராவைத் தூக்குமுன் அதை வாசித்து, மகேந்திரனைப்போலப் பேச்சை வெட்டி, ஒரு திரைக்கதை எழுதிப் பாருங்கள்.