பேசும்படம் ஊமையான கதை

ஊமைப்பட நாட்களில் திரையில் தோன்றிய நடிகையர் வாயசைத்தனரே தவிர, அவர்கள் குரல் எவர் செவியிலும் விழவில்லை. அன்றைய படச்சுருளில் ஒலி இல்லை. அது யாருடைய குற்றமும் அன்று. ஆனால், திரையில் பேசிய ஒரு பெண்ணின் குரலைப் பின்வந்தோர் தொலைத்துவிட்டால், அதை என்னவென்று சொல்வது? போர்த்துக்கல் நாட்டு நடிகை பார்பரா விர்ஜீனியாவின் வரலாறு இக்கேள்வியை நம்முன் வைக்கிறது.

1923-இல் லிஸ்பன் நகரில் பிறந்த இவர், வானொலியில் கவிதைகள் சொல்லிப் பெயர் பெற்றவர். 1946-இல், தம் 22-ஆம் வயதில், 'கடவுள் இல்லாத மூன்று நாட்கள்' என்று பொருள்படும் தலைப்பில் ஒரு பேசும்படத்தை இயக்கி, அதில் நடிக்கவும் செய்தார். மலைக்கிராமம் ஒன்றிற்கு வரும் இளம் ஆசிரியையின் கதை அது. அந்நாட்டில் முழுநீளப் பேசும்படத்தை இயக்கிய முதல் பெண் இவரே. அதே ஆண்டு பிரான்சில் நடந்த முதல் கான் திரைப்பட விழாவிலும் படம் காட்டப்பட்டது. மணமான பெண் கணவரின் அனுமதியின்றி வெளிநாடு செல்லவும் முடியாதிருந்த அந்நாளைய போர்த்துக்கலில் இது சிறிய செயலா?

ஆயினும் அவர் மற்றொரு முழுநீளப் படம் இயக்கவில்லை. 1952-இல் பிரேசிலுக்குக் குடிபெயர்ந்தார். 2015-இல் அங்கேயே மறைந்தார். போர்த்துக்கலில் முழுநீளப் படத்தின் இயக்குநராக ஒரு பெண்ணின் பெயர் மீண்டும் இடம்பெற 1976 வரை காத்திருக்க நேர்ந்தது. சுமார் ஒன்றே முக்கால் மணி நேரம் ஓடிய அவர் படத்தில் இன்று எஞ்சியிருப்பது அரைமணிக்கும் குறைவே. அதிலும் ஒலி இல்லை! அக்காலத்தில் காட்சிக்கு ஒரு நெகடிவ், ஒலிக்கு ஒரு நெகடிவ் என இரண்டையும் காத்தால்தான் படம் பிழைக்கும். பேசும்படமாகப் பிறந்தது இன்று ஊமைப்படமாக நிற்கிறது.

"சிறந்த படமானால் தானே நிலைத்திருக்கும்; அழிந்ததற்கு ஏன் வருந்த வேண்டும்?" என்று சிலர் கேட்கலாம். இதை நம்மால் ஏற்க இயலாது. படச்சுருள் தானே தன்னைக் காத்துக்கொள்வதில்லை. யாரோ ஒருவர் அதைப் பெட்டியிலிட்டு, பெயரெழுதி, வெப்பமும் ஈரமும் படாமல் வைத்தால்தான் அது வாழும். மேலும், முழுமையாகக் காணவும் கேட்கவும் முடியாத படத்தைச் சிறந்தது என்றோ தாழ்ந்தது என்றோ நாம் எப்படித் தீர்ப்புக் கூறுவது? சாட்சியைத் தொலைத்துவிட்டு வழக்கைத் தள்ளுபடி செய்வது நீதியாகுமா?

இன்று போர்த்துக்கல் திரைப்பட அகாதெமி அவர் பெயரால் விருது வழங்குகிறது. மகிழ்ச்சியே. ஆயினும், பெயருக்குச் சூட்டும் மாலையைவிடப் படைப்புக்குச் செய்யும் காவலே பெரிது என்பது நம் கருத்து. விருதைக் கேட்டு அவர் பெயரை அறியலாம். அவர் என்ன சொன்னார் என்பதை அறிய முடியுமா?

தோழியரே! முதன்முதலாக ஒரு வழியில் நடந்த பெண்ணைப் புகழ்வது எளிது. அவள் செய்ததைப் பழுதின்றிக் காப்பதே கடினம். அந்தக் கடினமான பணியையே நாம் கற்றுக்கொள்வோமாக!