தரிப்பிடத்து அற்புதம்

முடவர் எழுந்து நடந்ததாகப் பழைய கதைகள் கூறும். அதனினும் பெரிய அற்புதம் நம் காலத்தில் நாள்தோறும் நிகழ்கிறது. கொழும்பின் பெரிய கடைத்தொகுதி ஒன்றின் முன்றலில் நின்று பாருங்கள். சக்கர நாற்காலி வரையப்பட்ட தரிப்பிடத்தைக் கண்டதும் திடகாத்திரமான கனவான் ஒருவருக்குத் திடீரெனக் கால் விழுந்துவிடுகிறது. மோட்டார் வண்டியை அங்கே நிறுத்துகிறார். கதவைத் திறந்ததும் கால் மீண்டுவிடுகிறது. படிகளில் தாவி ஏறுகிறார். கேட்டால், "ஐந்து நிமிடந்தானே!" என்கிறார். காவலாளி அவருக்குச் சலாம் வைக்கிறார். உண்மையில் கால் வழங்காதவர் வந்தாலோ, "உங்களுக்கு என்ன குறை?" என்று குறுக்கு விசாரணை நடக்கிறது!

அவ்விடம் அகலமாயிருப்பது தாராள மனத்தின் கொடையன்று. கதவை முழுமையாகத் திறந்து, பக்கத்தில் நாற்காலியை வைத்து, அதற்கு உடலை மாற்றிக்கொள்ள அவ்வளவு இடம் வேண்டும். அது பறிபோனால் அவர் தம் வண்டிக்குள்ளேயே கைதி.

சட்டம் இல்லையா? உண்டு. வலுவிழந்தோர் உரிமைகளைக் காக்கும் 28ஆம் இலக்கச் சட்டம் 1996இல் வந்தது. பொதுக் கட்டடங்களுக்குள் அவர்கள் செல்வதற்கான ஒழுங்குவிதிகள் 2006இல் வந்தன. 2009இல் உயர் நீதிமன்றம் கட்டளையிட்டது. 2016இல் ஐக்கிய நாடுகளின் சமவாயத்தை நாடு ஏற்றுறுதி செய்தது. காகிதங்கள் யாவும் படியேறிவிட்டன. மனிதர் மட்டும் கீழே இருக்கிறார்.

அவர் கோயில் வாசலில் கையேந்தினால் நாம் காசு போடுகிறோம், புண்ணியம் நமக்கு. தமக்குரிய இடத்தைக் கேட்டாலோ முகஞ் சுளிக்கிறோம். இரக்கம் மலிவானது. உரிமைக்கு நாம் விலகி நிற்க வேண்டியிருக்கிறது, அதுதான் கசக்கிறது.

இது வண்டியுடையோர் கதை. போரிலும் கண்ணிவெடியிலும் காலிழந்த வடக்குக் கிழக்கின் உழைப்பாளிக்கு வண்டி ஏது? பஸ்ஸின் முதற்படியே அவருக்கு மலை. பூசிய கோட்டுக்குள் ஓரிடத்தைக் காக்க முடியாத சமுதாயம் அந்தப் படியை எப்போது தாழ்த்தும்?

அந்தச் சக்கர நாற்காலிச் சின்னத்தை 1968இல் டென்மார்க் மாணவி சூசன் கோஃபோட் வரைந்தபோது அதற்குத் தலை இருக்கவில்லை. மறு ஆண்டே தலை வைத்தார்கள். சின்னத்துக்குத் தலை கிடைத்துவிட்டது; அதன் மேல் வண்டியை நிறுத்துவோருக்கு என்று கிடைக்கும்?

அதுவரை நாம் காத்திருக்கலாகாது. ஆசிரியர்களே, மாணவர்களே! முதலில் நம் பாடசாலையின் வாசற்படிகளை எண்ணிப் பார்ப்போம். அவற்றால் எந்தப் பிள்ளை வீட்டோடு நின்றுவிட்டது என்று கேட்போம்.