ஆட்சியர் நீக்கட்டும், காரணத்தை எழுதிவிட்டு

ஊழல் செய்த ஊராட்சித் தலைவரை நீக்க இத்தனை சடங்கு எதற்கு என்று கேட்கிறார் ஒரு கட்டுரையாளர். நோட்டீஸ், விளக்கம், உறுப்பினர் கூட்டம் எல்லாம் திருடனுக்குத் தரும் அவகாசமாம். ஆட்சியர் ஒரே கையெழுத்தில் வீட்டுக்கு அனுப்பிவிட வேண்டுமாம்.

அவர் சடங்கு என்று ஏளனம் செய்வது, 1994-ஆம் ஆண்டு தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டத்தின் 205-ஆம் பிரிவு. குற்றச்சாட்டு இன்னது என்று ஆட்சியர் எழுத்தில் சொல்ல வேண்டும். தலைவர் தரும் விளக்கம் போதவில்லை என்றால், வட்டாட்சியர் மன்றத்தைக் கூட்டி உறுப்பினர்களின் கருத்தைப் பெற வேண்டும். அதைப் பரிசீலித்து ஆட்சியர் முடிவெடுக்கிறார். மன்றத்தின் கருத்து அவரைக் கட்டுப்படுத்தாது. கடைசிப் பேனா ஏற்கெனவே அவர் கையில்தான் இருக்கிறது. காரணம் எழுதாமல் கையெழுத்துப் போடும் சுகம் மட்டும்தான் இல்லை. கட்டுரையாளர் வாதாடுவது அந்தச் சுகத்துக்காக.

அவகாசம் கிடைத்தால் ஆவணங்கள் மாயமாகும் என்கிறார். எந்த ஆவணங்கள்? பதிவேடுகள் செயலரிடம். காசோலைக்குத் துணைத் தலைவரின் கையெழுத்தும் வேண்டும். கணக்கைத் தணிக்கைக்காரர் பார்க்கிறார். அவசரமென்றால் தலைவரின் காசோலை அதிகாரத்தை நிறுத்திவைக்க ஆட்சியர்கள் என்றைக்குத் தயங்கினார்கள்?

அரசு ஊழியரைப் பணிநீக்கம் செய்வதுபோல் செய்துவிட்டால் என்ன என்பது அடுத்த கேள்வி. செய்யுங்களேன். அரசமைப்புச் சட்டத்தின் 311-ஆவது பிரிவு, ஓர் எழுத்தரைப் பணிநீக்கம் செய்வதற்கு முன்பே குற்றச்சாட்டைச் சொல்லி விசாரிக்கச் சொல்கிறது. ஊரே வாக்களித்துத் தேர்ந்தெடுத்தவருக்கு அந்த எழுத்தருக்குக் கிடைப்பதுகூட வேண்டாம் என்கிறார் இவர். சட்டமன்ற உறுப்பினரின் தகுதி பற்றிக் கேள்வி எழுந்தால் 192-ஆவது பிரிவின்படி ஆளுநர் தேர்தல் ஆணையத்தின் கருத்தைப் பெற்று அதன்படியே நடக்க வேண்டும். அங்கே இவருக்குச் சடங்கு தெரியவில்லை. கோட்டைக்குப் போனவருக்கு ஒரு நீதி, குடிநீர்த் தொட்டிக்குக் கீழே நிற்பவருக்கு வேறொன்று.

நீதிமன்றங்கள் 'தொழில்நுட்பக் காரணங்களுக்காக' இவர்களைக் காப்பாற்றுகின்றன என்பதுதான் உச்சம். 2012-இல், மகாராஷ்டிரத்தின் உரண் நகராட்சித் தலைவர் வழக்கில், தேர்ந்தெடுக்கப்பட்டவரை நீக்குவது அவரை மட்டுமல்ல, வாக்களித்தவர்களையும் பாதிக்கும், ஆகவே நடைமுறையைக் கறாராகப் பின்பற்ற வேண்டும் என்றது உச்ச நீதிமன்றம். 2024 நவம்பரில் வந்த தீர்ப்பு இன்னும் காட்டமானது. சத்தீஸ்கரின் ஜஷ்பூர் மாவட்டத்தில் ஓர் இளம்பெண் சர்பஞ்ச் (ஊராட்சித் தலைவர்), கட்டுமான வேலைகள் தாமதமானதற்காக நீக்கப்பட்டார். பொறியாளர், ஒப்பந்ததாரர், பொருள் வரத்து, மழை எல்லாம் சேர்ந்து நடக்க வேண்டிய வேலைக்கு அவர் ஒருவர் மட்டும் எப்படிப் பொறுப்பு என்று கேட்டது நீதிமன்றம். அதிகாரிகளின் காலனிய மனப்பான்மையைக் கண்டித்து, அவருக்கு ஒரு லட்சம் ரூபாய் வழங்கச் சொல்லி மாநில அரசுக்கு உத்தரவிட்டது. இதில் தொழில்நுட்பம் எங்கே?

நீக்கினால் யாருக்கு லாபம் என்று அவர் யோசிக்கவே இல்லை. தலைவர் போனால் பொறுப்பு துணைத் தலைவருக்கு. கடலூர் மாவட்டம் தெற்குத்திட்டையில் 2020-இல் பட்டியல் சாதிப் பெண் தலைவரைத் தரையில் உட்காரவைத்து மற்றவர்கள் நாற்காலியில் அமர்ந்திருந்த படத்தை நாடே பார்த்தது. அந்த விவகாரத்தில் வழக்கில் சிக்கியவர்களில் துணைத் தலைவரும் ஒருவர். இப்படிப்பட்ட ஊரில் ஒரு புகார் மனுவும் ஆட்சியரின் ஒரு கையெழுத்தும் போதுமென்றால், தனித்தொகுதித் தலைவர்களில் எத்தனை பேர் முழுக்காலம் பதவியில் இருப்பார்கள்?

ஊழல் ஆட்சி ஒருநாள்கூட நீடிக்கக் கூடாது என்று துடிக்கிறார். 2016 அக்டோபரில் நடக்க வேண்டிய உள்ளாட்சித் தேர்தல் ரத்தாகி, ஊரகப் பகுதிகளுக்கு 2019 டிசம்பரில்தான் நடந்தது. அதுவும் 27 மாவட்டங்களில் மட்டும். இடைப்பட்ட மூன்றாண்டுகள் தனி அலுவலர்கள் ஆண்டார்கள். அவர்களை எந்த ஊரும் தேர்ந்தெடுக்கவில்லை, எந்த ஊராலும் நீக்கவும் முடியவில்லை. அந்த மூன்றாண்டுக் காசோலைகளைப் பற்றி அவர் கட்டுரையில் ஒரு வரிகூட இல்லை.