படக்கருவியும் வாய்மையும்

காட்டுயிர் ஒளிப்பதிவாளரின் வாழ்வை நாம் பெரும்பாலும் வீரச் செயலாகவே போற்றி வருகிறோம். புலியை நெருங்கிப் படமெடுத்தார், பனிமலையில் பல நாள் காத்திருந்தார் என வியக்கிறோம். துணிவும் பொறுமையும் இத்தொழிலுக்கு இன்றியமையாதன என்பதில் ஐயமில்லை. ஆயினும் அவற்றினும் மேலான தகுதி ஒன்றுண்டு, அதுவே வாய்மை.

1958ஆம் ஆண்டு டிஸ்னி நிறுவனம் ‘ஒயிட் வில்டர்னஸ்’ என்னும் ஆவணப்படத்தை வெளியிட்டது. லெம்மிங் எனும் சிறு கொறிவிலங்குகள் கூட்டங்கூட்டமாக நீரில் பாய்ந்து மடிவதாக அது காட்டிற்று. ஆஸ்கார் விருதும் அதனை நாடி வந்தது. 1982இல் கனடிய ஒலிபரப்புக் கழகம் உண்மையை வெளிக்கொணர்ந்தது. அவ்விலங்குகள் வேற்றிடத்திலிருந்து ஆல்பர்ட்டா மாநிலத்திற்குக் கொண்டுவரப்பட்டுப் பாறை விளிம்பிலிருந்து தள்ளப்பட்டிருந்தன! எனினும், லெம்மிங்குகள் தற்கொலை செய்துகொள்ளும் என்ற பொய் இன்றும் பலர் நாவில் உலவுகிறது. அழகிய பொய்க்கு ஆயுள் அதிகம்.

இதற்கு நேர்மாறான சான்று நம் நாட்டிலேயே உண்டு. கென்யாவில் பிறந்த இந்தியரான மைக் பாண்டே, 2000ஆம் ஆண்டு ‘ஷோர்ஸ் ஆஃப் சைலன்ஸ்’ என்னும் குறும்படத்தை வெளியிட்டார். உலகின் மிகப்பெரிய மீன் திமிங்கலச் சுறா. நுண்ணுயிர் மிதவைகளையும் சிறு மீன்களையும் உண்டு வாழும் சாதுவான உயிர். குஜராத் கடற்கரையில் அது ஈரல் எண்ணெய்க்காகவும் ஏற்றுமதி இறைச்சிக்காகவும் கொல்லப்பட்டதை அவரது படக்கருவி உள்ளவாறே பதிந்தது. பிரிட்டனின் ‘ஒயில்ட்ஸ்கிரீன்’ விழாவில் அப்படம் விருது பெற்றது. அதனினும் பெரிய பரிசு 2001இல் கிட்டியது: 1972ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் திமிங்கலச் சுறா சேர்க்கப்பட்டது. பின்னர், அதனை வேட்டையாடிய மீனவரே தம் வலையை அறுத்து அதனை விடுவிக்கலாயினர். அறுத்த வலைக்கு அரசு இழப்பீடு வழங்கும் ஏற்பாடும் உருவாயிற்று.

இரண்டிலும் இருந்தது படக்கருவிதான். ஒன்றில் அது பொய்ச்சாட்சி சொன்னது. மற்றொன்றில் வாயில்லா உயிருக்காக மெய்ச்சாட்சி சொன்னது. பாண்டேயின் படத்தில் ஒரு காட்சியேனும் புனையப்பட்டதெனத் தெரியவந்திருப்பின், அதன் சொல் சட்டம் இயற்றுவோரிடம் எடுபட்டிருக்குமா?

இவ்வினா இன்று முன்னிலும் கூர்மையுற்றுள்ளது. காட்டிற்குச் செல்லாமலே கணினியால் புலியை உருவாக்கிக் காட்டும் காலம் இது. கண்டதெல்லாம் ஐயத்திற்குரியதாகும்போது, உண்மையாய்க் கொல்லப்படும் உயிரின் படத்தையும் உலகம் பொய்யென ஒதுக்கிவிடக்கூடும்.

ஆகவே, இத்துறையை நாடும் மாணவர்கள் கருவியின் நுட்பத்தோடு உயிரியலையும் கற்றல் வேண்டும். தமிழ் பயில்வோர்க்கும் இதில் பங்குண்டு. ஆவணப்படத்திற்கு உரை எழுதுவோர் பசிக்கு வேட்டையாடும் விலங்கைக் கொடியதென்றும், தற்காப்புக்குத் தீண்டும் பாம்பைப் பழிவாங்குவதென்றும் எழுதுவாராயின், ஒளிப்பதிவாளர் காத்த வாய்மையை மொழி கெடுத்துவிடும். காட்சியும் சொல்லும் ஒருங்கே மெய்யாதல் வேண்டும். தமக்காகப் பேச இயலாத உயிர்களுக்கு நாம் ஆற்றக்கூடிய குறைந்த அளவுக் கடமை அதுவே.