மிதவை சொல்வது கரைக்கு எட்டட்டும்

2024 மே 6 அன்று, குமரி மாவட்டத்தின் லெமூர் கடற்கரையில் மருத்துவ மாணவர்கள் ஐவர் அலையில் சிக்கி உயிரிழந்தனர். கள்ளக்கடல் வரப்போகிறது என்று ஐதராபாத்திலுள்ள இந்தியக் கடல்சார் தகவல் சேவை மையம் முன்பே எச்சரித்திருந்தது. எச்சரிக்கை வந்த பிறகும் இப்படி நடந்தது நெஞ்சை அறுக்கிறது.

கள்ளக்கடல் வருவதற்குக் கரையில் அடையாளம் எதுவும் தெரியாது. காற்று அடங்கியிருக்கும், வானம் தெளிந்திருக்கும். அண்டார்டிகாவை ஒட்டிய பெருங்கடலில் புயல் கிளப்பிய அலைகள் ஆயிரக்கணக்கான கிலோமீட்டர் கடந்து, சில நாள் கழித்து நம் கரையில் ஏறுகின்றன. நம் கண்ணுக்குப் புலப்படாத இந்த அலையைக் கடலில் நங்கூரமிட்ட மிதவை அளந்துவிடுகிறது. தான் ஏறி இறங்குவதை வைத்தே அலையின் உயரம், வரும் திசை, ஓர் அலைக்கும் அடுத்த அலைக்கும் இடைப்பட்ட நேரம் ஆகியவற்றைக் கணக்கிட்டு அனுப்புகிறது.

அந்த இடைநேரத்தைத்தான் நாம் கண்டுகொள்வதே இல்லை. 6 விநாடிக்கு ஒன்றாக வரும் அலையின் நீளம் ஆழ்கடலில் சுமார் 56 மீட்டர். 18 விநாடி அலைக்கோ 500 மீட்டருக்கும் மேல். உயரம் ஒன்றே ஆனாலும், நீண்ட அலை கரையேறும்போது தள்ளிவரும் நீரும் விசையும் பன்மடங்கு. 'அலை ஒன்றரை மீட்டர்' என்று மட்டும் அறிவிப்பது பாதிச் செய்திதான். அந்த ஒன்றரை மீட்டரும்கூட, உயரமான மூன்றில் ஒரு பங்கு அலைகளின் சராசரியே. இடையில் ஓர் அலை அதைப்போல ஏறக்குறைய இரு மடங்கு எழலாம்.

'இங்கே குளிக்காதீர்கள்' என்ற பலகை ஆண்டு முழுவதும் ஒரே இடத்தில் நின்றால் யாரும் அதைப் பொருட்படுத்த மாட்டார்கள். இன்றைய மிதவை அளவைத் தமிழில் காட்டும் பலகை வேண்டும். மக்கள் கூடும் கடற்கரைகளிலும் மீன் இறங்குதளங்களிலும் அதை வைக்க வேண்டும். இடைநேரம் கூடும் நாளில் கடற்கரையை உடனே மூடும் அதிகாரம் அந்த ஊரிலேயே ஒருவரிடம் இருக்க வேண்டும். வெளியூரிலிருந்து வருபவரை இணையத்தில் தேடிக்கொள்ளச் சொல்வது பொறுப்பைத் தட்டிக்கழிப்பதாகும்.

மீனவர்களுக்கும் ஒரு வேண்டுகோள். மிதவையைச் சுற்றி மீன் சேரும் என்பது உண்மைதான். ஆனால் அதில் படகைக் கட்டினாலோ வலை சிக்கினாலோ கருவி பழுதாகி, உங்கள் கடலைப் பற்றிய தகவலே நின்றுபோகும். மிதவைகளைக் காக்கும் பணியை அரசு மீனவர் கூட்டுறவுச் சங்கங்களிடமே உரிய ஊதியத்துடன் ஒப்படைக்கலாம்.

கள்ளக்கடல் பெரும்பாலும் தென்மேற்குப் பருவமழைக்கு முந்தைய மாதங்களில் வருகிறது. அடுத்த ஏப்ரலுக்குள் குமரிக் கரையிலாவது இந்தப் பலகைகள் நிற்க வேண்டும்.