சொந்தக் காருக்கே கோட் தெரியாவிட்டால்?

கார் பேட்டரி செத்துப் போகிறது. மெக்கானிக் புதிதாக ஒன்றை மாட்டித் தருகிறார். சாவியைத் திருப்பினால் வண்டி ஜோராகக் கிளம்புகிறது. ரேடியோ மட்டும் பாட மறுக்கிறது! பழைய ஃபோக்ஸ்வேகன் என்றால் திரையில் 'சேஃப்' என்று வரும். ஹோண்டா என்றால் 'கோட்' என்று வரும். அந்த எண் எழுதிய சின்ன அட்டையோ முதல் உரிமையாளரோடு போயே போச்சு.

இந்த ஏற்பாடு எதற்கு வந்தது? 1980, 90களில் ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும் கார் கண்ணாடியை உடைத்து ரேடியோவைத் திருடுவது சர்வசாதாரணம். மின்சாரம் போய் வந்தால் கோட் கேட்கும் ரேடியோவை யார் விலைக்கு வாங்குவார்கள்? நல்ல யோசனைதான். ஆனால் பேட்டரி மாற்றுபவர் யார், திருடன் யார் என்று ரேடியோவுக்குத் தெரியாதே! குத்துமதிப்பாக எண்களைப் போட்டுப் பார்த்தால், பல மாடல்கள் சில தவறுகளுக்குப் பிறகு ஒரு மணி நேரம் பூட்டிக்கொள்ளும்.

எண்ணை மீட்க வழி இருக்கிறது. ரேடியோவின் சீரியல் எண் வேண்டும். பெரும்பாலும் அது ரேடியோவின் உடம்பில் ஒட்டியிருக்கும், அதனால் கழற்றித்தான் பார்க்க வேண்டும். சில ஹோண்டா மாடல்களில் 1, 6 பொத்தான்களை அழுத்திக்கொண்டே ரேடியோவைப் போட்டால் திரையிலேயே தெரியும். அதோடு காரின் அடையாள எண்ணையும் கொடுத்தால் அமெரிக்காவில் ஹோண்டா நிறுவனம் தன் இணையதளத்தில் இலவசமாகவே கோட் தருகிறது.

ஒரு நிறுவனத்தால் இது முடிகிறது என்றால், மற்ற இடங்களில் இதே எண்ணுக்கு ஏன் கட்டணம்? எண் ஏற்கெனவே பதிவேட்டில் இருக்கிறது. எடுத்துச் சொல்ல ஆகும் கூடுதல் செலவு கிட்டத்தட்ட பூஜ்யம். வாடிக்கையாளருக்கு வேறு வழியில்லை என்பதால் மட்டுமே அங்கே விலை பிறக்கிறது.

'கேட்டவர்களுக்கெல்லாம் கொடுத்தால் திருடனும் கேட்பானே?' என்பது நியாயமான கேள்வி. அதற்கு ஆர்.சி. புத்தகத்தையும் அடையாள அட்டையையும் சரிபார்க்கலாம். திருடனைத் தடுப்பது அந்தச் சான்றுதான், கட்டணம் அல்ல. காசு திருடனிடமும் இருக்கும்!

ரேடியோவோடு முடிகிற விஷயமும் இல்லை இது. இன்றைய கார்களில் பல பாகங்கள் அந்தந்தக் காரின் கணினியோடு பிணைக்கப்பட்டிருக்கின்றன. இதை உணர்ந்துதான் அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் மாநில மக்கள் 2012ல், பழுதுபார்க்கும் தகவல்களை உரிமையாளருக்கும் வெளி மெக்கானிக்குகளுக்கும் தர வேண்டும் என்ற சட்டத்துக்குச் சுமார் 86 சதவீத ஆதரவு வாக்களித்தார்கள். 2020ல் மறுபடியும் வாக்கெடுப்பு நடத்தி, கார் கம்பியில்லாமல் அனுப்பும் தகவல்களையும் அதில் சேர்த்தார்கள்.

காரை விற்கும்போது சாவியையும் சேர்த்துத்தானே கொடுக்கிறார்கள்? கோட் எண்ணும் ஒரு சாவிதான். அதைத் தொலைத்தவர் தன் உரிமையை நிரூபித்தால் போதும், இன்னொரு முறை விலை கொடுக்க வைப்பது சரியல்ல.

அதுவரை, பழைய கார் வாங்குபவர்கள் பணத்தை எண்ணிக் கொடுக்கும் முன் அந்தச் சின்ன அட்டையையும் கேட்டு வாங்கிக்கொள்வது நல்லது.